சைக்கிள் டு வொர்க்: கையெழுத்திடும் முன் போட வேண்டிய கணக்கு

பிரிட்டனில் மாதச் சம்பளத்துக்கு வேலை பார்க்கும் ஒருவர் வேலைக்குச் சைக்கிளில் போய்வர விரும்பினால், அந்தச் சைக்கிளைக் கடைவிலையைவிடக் குறைந்த செலவில் பெறுவதற்கு 'சைக்கிள் டு வொர்க்' என்ற வரிச்சலுகை உதவுகிறது. 1999ஆம் ஆண்டின் நிதிச் சட்டத்தில் அறிமுகமாகி, இப்போது 2003ஆம் ஆண்டின் வருமான வரிச் சட்டத்தின் 244ஆம் பிரிவில் இருக்கும் சலுகை இது. கால் நூற்றாண்டைக் கடந்த திட்டமாக இருந்தும், இதில் சேர்ந்தவர்களில் பலருக்குத் தங்களுக்கு உண்மையில் எவ்வளவு மிச்சமானது என்று தெரியாது. நான் பல ஆண்டுகளாகச் சம்பளப் பட்டியல் தயாரிக்கும் வேலையில் இருக்கிறேன். விளம்பரத்தில் கண்ட சதவீதத்தை நம்பிக் கையெழுத்திட்டுவிட்டு, ஓராண்டு முடிந்ததும் வரும் கடிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு "இது என்ன புதுக் கட்டணம்?" என்று கேட்டு வருபவர்களைத் தொடர்ந்து பார்க்கிறேன். அந்தக் கேள்வியை முதல் நாளே கேட்டு விடை பெற்றிருந்தால் அவர்களில் பலர் நூறு, இருநூறு பவுண்டைக் கூடுதலாக மிச்சப்படுத்தியிருப்பார்கள். அந்தக் கணக்கை எப்படிப் போடுவது என்பதைத்தான் இங்கே எழுதுகிறேன். குறிப்பிடும் வரி விகிதங்களும் ஊதிய விகிதங்களும் 2025-26 வரி ஆண்டுக்கு உரியவை.

வாங்குவது அல்ல, வாடகைக்கு எடுப்பது

இத்திட்டத்தைப் புரிந்துகொள்வதற்கான திறவுகோல் ஒரே ஒரு செய்திதான்: நீங்கள் சைக்கிளை வாங்கவில்லை. உங்கள் முதலாளி அதை வாங்கி, அல்லது இடையில் இருக்கும் ஒரு நிறுவனத்தின் மூலம் பெற்று, ஒரு குறிப்பிட்ட காலத்துக்கு உங்களுக்கு வாடகைக்குத் தருகிறார். அந்தக் காலம் பெரும்பாலும் 12 மாதங்கள். வாடகையை நீங்கள் கையிலிருந்து கட்டுவதில்லை. வரி பிடிக்கப்படுவதற்கு முன்பிருக்கும் மொத்தச் சம்பளத்தில் அந்த அளவை விட்டுக்கொடுப்பதாக முதலாளியுடன் எழுத்தில் ஒப்புக்கொள்கிறீர்கள். இந்த ஏற்பாட்டைத்தான் சாலரி சாக்ரிஃபைஸ் என்கிறார்கள். விட்டுக்கொடுத்த தொகை உங்கள் சம்பளமாகவே கருதப்படாததால் அதற்கு வருமான வரியும் இல்லை, சம்பளத்திலிருந்து பிடிக்கப்படும் சமூகப் பாதுகாப்புக் கட்டணமான நேஷனல் இன்ஷூரன்ஸும் இல்லை. சாலரி சாக்ரிஃபைஸ் மூலம் கிடைத்துவந்த பல சலுகைகளை அரசு 2017 ஏப்ரலில் நிறுத்தியபோதும், சைக்கிளுக்கான சலுகை விதிவிலக்காகத் தொடர்ந்தது.

வாடகைக் காலம் முடிந்ததும் சைக்கிள் தானாக உங்களுடையதாகிவிடாது. "முடிவில் இது எனக்குத்தான்" என்று ஒப்பந்தத்தில் முன்கூட்டியே எழுதித் தந்தால் அது தவணைமுறையில் விற்பதாகிவிடும். வரிச்சலுகையின் அடிப்படையே போய்விடும். ஆகவே எந்த ஒப்பந்தத்திலும் அந்த உறுதிமொழி இருக்காது. அது இல்லையே என்று அஞ்ச வேண்டியதில்லை. ஆனால் முடிவில் என்னென்ன வாய்ப்புகள் தரப்படுகின்றன என்பதைக் கேட்டுத் தெரிந்துகொள்வதை எந்தச் சட்டமும் தடுக்கவில்லை.

முதலாளி இத்திட்டத்தை நடத்துவதாக இருந்தால், மேலாளர்களுக்கு மட்டும் என்று ஒதுக்காமல் எல்லா ஊழியர்களுக்கும் திறந்து வைக்க வேண்டும். சைக்கிளின் பயன்பாட்டில் பாதிக்கு மேற்பட்டது வேலைக்குப் போய்வருவதாகவோ, வேலையிடங்களுக்கு இடையில் செல்வதாகவோ இருக்க வேண்டும். வீட்டிலிருந்து ரயில் நிலையம் வரை சைக்கிளிலும் அங்கிருந்து ரயிலிலும் போவதும் இதில் அடங்கும். எத்தனை மைல் ஓட்டினீர்கள் என்று நாட்குறிப்பு எழுத வேண்டிய அவசியம் இல்லை. வார இறுதியில் பிள்ளைகளுடன் பூங்காவுக்கு ஓட்டிப் போவதில் தவறும் இல்லை.

மாதச் சம்பளத்தில் எவ்வளவு குறையும்

சைக்கிள், தலைக்கவசம், பூட்டு, விளக்குகள் எல்லாம் சேர்ந்து 1,200 பவுண்டு என்று வைத்துக்கொள்வோம். 12 மாதங்களுக்கு மாதம் 100 பவுண்டு வீதம் மொத்தச் சம்பளத்தில் குறையும். ஆனால் கைக்கு வரும் சம்பளத்தில் 100 பவுண்டு குறையாது. எவ்வளவு குறையும் என்பது நீங்கள் எந்த வரி விகிதத்தில் இருக்கிறீர்கள் என்பதைப் பொறுத்தது.

இங்கிலாந்து, வேல்ஸ், வட அயர்லாந்து ஆகிய இடங்களில் ஆண்டுக்கு 12,570 பவுண்டுக்கும் 50,270 பவுண்டுக்கும் இடையில் சம்பாதிப்பவருக்கு வருமான வரி 20 சதவீதம், நேஷனல் இன்ஷூரன்ஸ் 8 சதவீதம், ஆக 28 சதவீதம். அவருக்கு மாதம் 72 பவுண்டுதான் குறையும். ஓராண்டில் 864 பவுண்டு. 50,270 பவுண்டுக்கு மேல் வரி 40 சதவீதமாக உயர்ந்து நேஷனல் இன்ஷூரன்ஸ் 2 சதவீதமாகக் குறைவதால், அந்த வரம்பைத் தாண்டியவருக்கு மாதம் 58 பவுண்டு, ஆண்டுக்கு 696 பவுண்டு குறையும்.

ஸ்காட்லாந்தில் வசிப்பவர்கள் இதைத் தனியாகக் கணக்கிட வேண்டும். அங்கே 42 சதவீத வரி 43,662 பவுண்டைத் தாண்டியதுமே தொடங்கிவிடுகிறது. ஆனால் நேஷனல் இன்ஷூரன்ஸ் பிரிட்டன் முழுவதற்கும் ஒன்று என்பதால் 50,270 பவுண்டு வரை 8 சதவீதமாகவே நீடிக்கிறது. ஆகவே கிளாஸ்கோவில் 47,000 பவுண்டு சம்பளம் வாங்கும் ஒருவர் விட்டுக்கொடுக்கும் ஒவ்வொரு பவுண்டிலும் சரியாகப் பாதி அவருக்கு மிச்சம். அதே சம்பளம் வாங்கும் லண்டன்காரருக்கு 28 பென்ஸ்தான் மிச்சம்.

வரி விகிதத்துக்கு அப்பால் சிலருக்கு இன்னொரு ஆதாயமும் உண்டு. தம்பதியரில் அதிகம் சம்பாதிப்பவரின் வருமானம் 60,000 பவுண்டைத் தாண்டினால், தாண்டிய ஒவ்வொரு 200 பவுண்டுக்கும், பிள்ளைகளுக்காக அரசு தரும் உதவித்தொகையான சைல்டு பெனிஃபிட்டில் 1 சதவீதத்தை அரசு திரும்ப எடுத்துக்கொள்கிறது. 80,000 பவுண்டில் முழுவதும் போய்விடும். அந்த இடைவெளியில் இருக்கும் ஒருவர் 1,200 பவுண்டை விட்டுக்கொடுத்தால் 6 சதவீதம் காப்பாற்றப்படுகிறது. இரண்டு பிள்ளைகள் உள்ள வீட்டில் அது ஆண்டுக்கு ஏறக்குறைய 135 பவுண்டு. ஸ்காட்லாந்துக்கு வெளியே 1,00,000 பவுண்டுக்கும் 1,25,140 பவுண்டுக்கும் இடையில் சம்பாதிப்பவர்களுக்கு வரியில்லா வரம்பு படிப்படியாகப் பறிபோவதால், அவர்கள் விட்டுக்கொடுக்கும் தொகையில் 62 சதவீதம் மிச்சமாகும். மாணவர் கடனை 9 சதவீத வீதம் சம்பளத்திலிருந்து கட்டிவருபவர்களுக்கு அந்தக் கழிவும் சற்றுக் குறையும். ஆனால் அதைச் சேமிப்பாக எண்ண வேண்டாம், கடன் அப்படியேதான் நிற்கிறது.

இத்துடன் நிறுத்திக்கொண்டால் கணக்கு மிக அழகாக இருக்கும். விளம்பரங்களும் இங்கேதான் நிறுத்திக்கொள்கின்றன.

பன்னிரண்டாம் மாதம் வரும் கடிதம்

வாடகைக் காலம் முடிந்த சைக்கிளைச் சந்தை மதிப்புக்குக் குறைவாக உங்களுக்குக் கொடுத்தால், குறைந்த அந்தப் பகுதியை வரி விதிக்கத்தக்க ஆதாயமாகவே பிரிட்டனின் வரித்துறையான எச்எம்ஆர்சி பார்க்கும். பழைய சைக்கிளின் சந்தை மதிப்பு என்ன என்று ஒவ்வொருவரும் வாதாடிக்கொண்டிருக்காமல் இருக்க, ஏற்றுக்கொள்ளத்தக்க மதிப்புகளை அதுவே பட்டியலிட்டு வைத்திருக்கிறது. முதல் விலை 500 பவுண்டோ அதற்கு மேலோ இருந்தால், ஓராண்டு முடிவில் அந்த விலையில் 25 சதவீதம், ஒன்றரை ஆண்டில் 21, இரண்டு ஆண்டில் 17, மூன்று ஆண்டில் 12, நான்கு ஆண்டில் 7, ஐந்து ஆண்டில் 2 சதவீதம் என்று மதிப்பு இறங்குகிறது. 500 பவுண்டுக்குக் குறைவான சைக்கிளுக்கு நான்கு ஆண்டு வரை இவையே 18, 16, 13, 8, 3 சதவீதம்; ஐந்து ஆண்டில் மதிப்பு இல்லை என்றே கொள்ளலாம். ஆறு ஆண்டுகளுக்குப் பின் இரண்டுக்கும் மதிப்பு இல்லை என்றே கொள்ளலாம்.

இப்போது முன்பு பார்த்த 1,200 பவுண்டு கணக்குக்குத் திரும்புவோம். 28 சதவீத விகிதத்தில் இருப்பவர் ஓராண்டில் 864 பவுண்டு கொடுத்திருக்கிறார். முடிவில் 25 சதவீதத்தைக் கொடுத்துச் சைக்கிளைச் சொந்தமாக்கிக்கொண்டால் மேலும் 300 பவுண்டு. மொத்தச் செலவு 1,164 பவுண்டு. ஓராண்டு காலப் படிவங்கள், ஒப்பந்தங்கள், கடிதங்கள் எல்லாவற்றுக்கும் பின் அவருக்கு மிச்சமானது 36 பவுண்டு; அதாவது 3 சதவீதம். வட்டியில்லாத் தவணை என்ற வசதி கிடைத்தது உண்மைதான், ஆனால் அவர் எதிர்பார்த்து வந்தது அது அல்ல.

இதற்கு மாற்றாகப் பெரும்பாலான நிறுவனங்கள் தரும் வழி, வாடகைக் காலத்தை நீட்டித்தல். முதலாண்டு முடிந்ததும் 7 சதவீதத்தைத் திரும்பப் பெறத்தக்க வைப்புத்தொகையாகச் செலுத்திவிட்டு, மேலும் மூன்று ஆண்டுகளுக்கு மாத வாடகை எதுவும் இல்லாமல் சைக்கிளை வைத்துக்கொள்ளலாம். நான்காம் ஆண்டு முடிவில் சந்தை மதிப்பும் 7 சதவீதமாக இறங்கியிருக்கும் என்பதால், அந்த வைப்புத்தொகையே விலையாகி, சைக்கிள் உங்கள் பெயருக்கு மாறும். 500 பவுண்டுக்குக் குறைந்த சைக்கிள் என்றால் வைப்புத்தொகை 3 சதவீதம். நம் கணக்கில் அது 84 பவுண்டு. மொத்தச் செலவு 948. மிச்சம் 252 பவுண்டு, அதாவது 21 சதவீதம். 40 சதவீத வரி கட்டுபவருக்கு இதே வழியில் மொத்தம் 780 பவுண்டு ஆகி 35 சதவீதம் மிச்சமாகும். அவரே ஓராண்டில் 25 சதவீதம் கொடுத்து வாங்கியிருந்தால் மிச்சம் 17 சதவீதமாகச் சுருங்கியிருக்கும். முன்பு சொன்ன கிளாஸ்கோ ஊழியருக்கு மொத்தச் செலவு 684 பவுண்டு.

மூன்றாவது வழி ஒன்றும் உண்டு. அதை எடுத்துச்சொல்பவர்கள் குறைவு. ஓராண்டு முடிவில் முதலாளி சைக்கிளை உங்களுக்குப் பணம் வாங்காமலே கொடுத்துவிட்டு, அதன் மதிப்பான 300 பவுண்டை வரி விதிக்கத்தக்க ஆதாயமாக எச்எம்ஆர்சிக்கு அறிவிக்கலாம். அப்போது நீங்கள் 300 பவுண்டைக் கட்ட வேண்டியதில்லை. அதன் மீதான வரியை மட்டும் கட்டினால் போதும். 20 சதவீத விகிதத்தில் அது 60 பவுண்டு. ஆனால் முதலாளி அதற்குத் தன் பங்காக நேஷனல் இன்ஷூரன்ஸ் கட்ட வேண்டும், கணக்கும் எழுத வேண்டும் என்பதால், எல்லா நிறுவனங்களும் இதற்கு இசைவதில்லை. முதலாளியே நேரடியாகத் திட்டத்தை நடத்தும் சிறிய நிறுவனங்களில் கேட்டுப் பார்ப்பது நல்லது.

ஆகவே கையெழுத்திடும் முன் சம்பளப் பிரிவிடமோ, திட்டத்தை நடத்தும் நிறுவனத்திடமோ மின்னஞ்சலில் இதைக் கேளுங்கள்: வாடகைக் காலம் முடிந்ததும் வழக்கமாக என்னென்ன வாய்ப்புகள் தருகிறீர்கள், ஒவ்வொன்றுக்கும் எத்தனை சதவீதம் செலுத்த வேண்டும், நான் எதையும் தேர்ந்தெடுக்காமல் விட்டால் என்ன ஆகும்? கடைசிக் கேள்வி முக்கியமானது, ஏனென்றால் கடிதத்துக்குப் பதில் எழுதாதவர்களைத் தானாகவே ஏதோ ஒரு வாய்ப்பில் சேர்த்துவிடும் நிபந்தனை சில ஒப்பந்தங்களில் இருக்கும். அது உங்களுக்கு மலிவான வாய்ப்பாக இருக்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை.

குறைந்தபட்ச ஊதியம் என்னும் தடை

இத்திட்டத்தில் என்னை மிகவும் வருத்துவது இந்தப் பகுதிதான். சம்பளத்தை விட்டுக்கொடுத்த பிறகு எஞ்சுவது சட்டப்படியான குறைந்தபட்ச ஊதியத்துக்குக் கீழே போகக் கூடாது. 21 வயதும் அதற்கு மேலும் உள்ளவர்களுக்கு அது மணிக்கு 12.21 பவுண்டு. வாரம் 37.5 மணி நேரம் வேலை செய்பவருக்கு ஆண்டுக்கு ஏறக்குறைய 23,810 பவுண்டு ஆகிறது. 24,000 பவுண்டு சம்பளம் வாங்கும் ஒருவர் ஆண்டுக்கு 190 பவுண்டுக்கு மேல் விட்டுக்கொடுக்க முடியாது. அந்தத் தொகைக்குச் சைக்கிள் வராது. கிடங்கிலும் முதியோர் இல்லத்திலும் பல்பொருள் அங்காடியிலும், பேருந்து ஓடத் தொடங்கும் முன்பே வேலைக்குப் போக வேண்டிய நிலையில் இருப்பவருக்குத்தான் சைக்கிள் மிகவும் தேவை; அவருக்குத்தான் இந்தக் கதவு மூடியிருக்கிறது. விதியின் நோக்கம் ஊழியரைக் காப்பது என்பதை நான் அறிவேன். ஆனாலும் விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டது என்று அவர்களிடம் சொல்லும்போது அந்த நோக்கத்தை விளக்குவது எளிதாக இல்லை.

இந்த நிலையில் இருப்பவர்கள் முழுமையாகக் கைவிட வேண்டியதில்லை. மணி நேர ஊதியம் எல்லைக்குச் சற்று மேலே இருந்தால், வாடகைக் காலத்தை 12 மாதங்களிலிருந்து 18 அல்லது 24 மாதங்களாக நீட்டித்து மாதக் கழிவைக் குறைக்க முடியுமா என்று கேட்கலாம். எல்லையிலேயே இருப்பவர்களுக்கு இரண்டு வழிகள் இருக்கின்றன. ஒன்று, முதலாளி சம்பளத்தைக் குறைக்காமல் தன் செலவிலேயே சைக்கிளைப் பயன்படுத்தத் தருவது. 244ஆம் பிரிவின் வரிவிலக்கு அதற்கும் பொருந்தும், சம்பளத்தை விட்டுக்கொடுத்தாக வேண்டும் என்று அந்தச் சட்டம் சொல்லவே இல்லை. மற்றொன்று, முதலாளியிடம் வட்டியில்லாக் கடன் பெற்றுச் சைக்கிள் வாங்குவது. முதலாளி தரும் வட்டியில்லாக் கடன்கள் எல்லாம் சேர்ந்து 10,000 பவுண்டைத் தாண்டாதவரை அதற்கு வரி இல்லை. வரிச் சேமிப்பு கிடைக்காது என்றாலும், கடன் அட்டையின் வட்டியிலிருந்து தப்பலாம்.

ஆண்டு வருமானமே 12,570 பவுண்டுக்குள் இருப்பவருக்கு மிச்சப்படுத்த வரியே இல்லை என்பதால் இத்திட்டத்தால் பயன் இல்லை. சொந்தத் தொழில் செய்பவர் தமக்காக இதில் சேர முடியாது. அவரிடம் வேலை பார்ப்பவர்கள் சேரலாம்.

விண்ணப்பிக்கும் முறை

வேலையிடத்தில் இத்திட்டம் இருக்கிறதா என்று மனிதவளப் பிரிவிடம் கேட்பதில் தொடங்குங்கள். இருந்தால் எந்த நிறுவனம் நடத்துகிறது, உச்சவரம்பு எவ்வளவு என்பதையும் கேளுங்கள். 1,000 பவுண்டுக்கு மேல் அனுமதி இல்லை என்ற எண்ணம் இன்னும் பரவலாக இருக்கிறது. அது வாடகை ஒப்பந்தங்களை ஒழுங்குபடுத்தும் விதியால் வந்தது, வரிச் சட்டத்தால் அல்ல. நிதிச் சேவைகளைக் கண்காணிக்கும் எஃப்சிஏ அமைப்பின் அனுமதி பெற்ற நிறுவனம் ஒப்பந்தத்தை நடத்தினால் அந்த வரம்பு பொருந்தாது என்பதை அரசின் போக்குவரத்துத் துறை 2019 ஜூனில் வெளியிட்ட வழிகாட்டுதலில் தெளிவுபடுத்தியது. ஆனாலும் முதலாளி தன் விருப்பப்படி ஒரு வரம்பை வைத்துக்கொள்ளலாம்.

அடுத்து கடைக்குச் சென்று சைக்கிளையும் துணைக்கருவிகளையும் தேர்ந்தெடுத்து, முழுத்தொகைக்கும் எழுத்தில் விலைப்புள்ளி வாங்குங்கள். பணம் மட்டும் கட்டிவிடாதீர்கள். நீங்களே வாங்கிவிட்ட சைக்கிளுக்குப் பின்னர் இச்சலுகையைப் பெற முடியாது, ஏனென்றால் சட்டத்தின்படி சைக்கிளை வழங்குபவர் முதலாளியாக இருக்க வேண்டும். விலைப்புள்ளியிலுள்ள தொகைக்கு இணையத்தில் விண்ணப்பித்து, வாடகை ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டு, முதலாளி ஒப்புதல் தந்து பணம் செலுத்திய பிறகு உங்களுக்கு ஒரு வவுச்சர் வரும். அதைக் கடையில் கொடுத்துச் சைக்கிளைப் பெற்றுக்கொள்ளலாம். முதல் மாதச் சம்பளச் சீட்டு வந்ததும், கழிவு சரியான இடத்தில் இருக்கிறதா என்று பாருங்கள். மொத்தச் சம்பளத்தில் 100 பவுண்டு குறைந்து, அதன் பிறகு வரியும் நேஷனல் இன்ஷூரன்ஸும் கணக்கிடப்பட்டிருக்க வேண்டும். இரண்டையும் பிடித்த பிறகு கீழே 100 பவுண்டு கழிக்கப்பட்டிருந்தால், உங்களுக்கு ஒரு பென்ஸ்கூட மிச்சமாகவில்லை என்று பொருள். இந்தத் தவறு அபூர்வமானது அல்ல. உடனே சொன்னால் அடுத்த மாதமே திருத்திவிடலாம்.

கடையைத் தேர்ந்தெடுக்கும்போது ஒன்றைக் கவனியுங்கள். திட்டத்தை நடத்தும் நிறுவனங்கள் வவுச்சரின் மதிப்பில் ஒரு பங்கைக் கடைக்காரரிடமிருந்து கமிஷனாக எடுத்துக்கொள்வது வழக்கம். அதனால் தள்ளுபடி விலையில் இருக்கும் சைக்கிளுக்கு வவுச்சரை ஏற்கச் சில கடைகள் மறுக்கும், அல்லது கூடுதல் கட்டணம் கேட்கும். அதே 1,200 பவுண்டு சைக்கிள் பருவ இறுதியில் 25 சதவீதத் தள்ளுபடியில் 900 பவுண்டுக்குக் கிடைத்தால், 28 சதவீத விகிதத்தில் இருப்பவருக்குத் திட்டத்தின் வழியாக ஆகும் 948 பவுண்டைவிட அதுவே மலிவு. திட்டமே வேண்டாம், நேராக வாங்கிவிடலாம். தள்ளுபடி விலைக்கே வவுச்சரை ஏற்கும் கடை அமைந்துவிட்டால் 900 பவுண்டுக்கு 648 பவுண்டும் 7 சதவீதமான 63 பவுண்டும் சேர்ந்து 711 பவுண்டில் முடிந்துவிடும். நான்கு கடைகளில் விசாரிப்பதற்கு ஆகும் ஒரு சனிக்கிழமைக்கு இது தகுந்த கூலி.

எதைச் சேர்த்து வாங்குவது

சைக்கிளுடன் பாதுகாப்புக் கருவிகளும் இச்சலுகையில் அடங்கும் என்பதைப் பலர் மறந்துவிட்டுப் பின்னர் முழுவிலை கொடுத்து வாங்குகிறார்கள். தலைக்கவசம், மணி, விளக்கு, பிரதிபலிப்பான்கள், ஒளிரும் மேலாடை, மட்கார்டு, பின்புறப் பைகள், பின்னால் வருவதைப் பார்க்கும் கண்ணாடி, பூட்டு, காற்றடிக்கும் பம்பு, பஞ்சர் ஒட்டும் கருவிகள், குழந்தை இருக்கை ஆகிய எல்லாவற்றையும் விலைப்புள்ளியில் சேர்க்கலாம். இருட்டில் ஓட்டும்போது முன்னே வெள்ளை விளக்கும் பின்னே சிவப்பு விளக்கும் சட்டப்படி கட்டாயம். தலைக்கவசம் கட்டாயம் இல்லை, ஆனால் வாங்கினால் இஎன் 1078 தரக்குறி உள்ளதாகப் பாருங்கள். குளிர்காலத்தில் போகும்போதும் வரும்போதும் பல நாள் இருட்டாகவே இருக்கும் இந்த நாட்டில் நல்ல விளக்குக்குச் செலவழிக்கத் தயங்க வேண்டாம். மழை நாளில் மட்கார்டு இல்லாமல் அலுவலகம் போய்ச் சேர்ந்தவர்களுக்கு அதன் அருமையைச் சொல்லத் தேவையில்லை. பிற்காலப் பழுதுபார்ப்புச் செலவு இதில் அடங்காது.

மின்சைக்கிளும் வாங்கலாம். மோட்டாரின் தொடர்திறன் 250 வாட்டைத் தாண்டாமலும், மணிக்கு 15.5 மைல் வேகத்தில் மோட்டாரின் உதவி நின்றுவிடும்படியும் இருந்தால்தான் சட்டம் அதைச் சைக்கிளாகக் கருதும். ஓட்டுபவருக்கு 14 வயது நிறைந்திருக்க வேண்டும். திறனிலோ வேகத்திலோ இந்த வரம்புகளைத் தாண்டியவை மோட்டார் வாகனங்கள். இச்சலுகை அவற்றுக்கு இல்லை.

இடையில் நேரக்கூடியவை

வாடகைக் காலம் முடிவதற்குள் வேலையை விட்டால், அல்லது வேலை போய்விட்டால், எஞ்சியிருக்கும் தொகை முழுவதையும் கடைசிச் சம்பளத்தில் பிடித்துக்கொள்வார்கள். அது வரி பிடித்த பிறகு எஞ்சும் சம்பளத்திலிருந்து போகும் என்பதால் அந்தப் பகுதிக்கு வரிச் சேமிப்பு கிடையாது. ஆறு மாதத்தில் வேறு வேலைக்கு மாறும் எண்ணம் இருப்பவர்கள் புது இடத்தில் சேர்ந்த பிறகு விண்ணப்பிப்பதே சரி.

குழந்தைப்பேற்றுக்குத் திட்டமிடுபவர்கள் இன்னும் கவனமாக இருக்க வேண்டும். சட்டப்படியான மகப்பேற்று ஊதியம், பிரசவத்துக்கு எதிர்பார்க்கும் வாரத்துக்கு 15 வாரங்கள் முன்புள்ள வாரத்தை ஒட்டிய எட்டு வாரச் சராசரிச் சம்பளத்தை வைத்துக் கணக்கிடப்படுகிறது. அந்த எட்டு வாரங்களில் சாலரி சாக்ரிஃபைஸ் நடப்பில் இருந்தால் சராசரி குறைந்து, முதல் ஆறு வாரங்களுக்குக் கிடைக்கும் 90 சதவீத ஊதியமும் குறையும். பென்ஷன் பங்களிப்பைக் குறைக்கப்பட்ட சம்பளத்தில் கணக்கிடுவார்களா, பழைய சம்பளத்திலா என்பதும் இடத்துக்கு இடம் வேறுபடும். பல நிறுவனங்கள் பழைய சம்பளத்தையே வைத்துக்கொள்கின்றன என்றாலும் கேட்டுக்கொள்ளுங்கள்.

சைக்கிள் திருடு போனால் வாடகை நிற்காது. சைக்கிள் இல்லாமலே மீதி மாதங்களுக்கும் சம்பளம் குறைந்துகொண்டிருக்கும். வீட்டுப் பொருள் காப்பீட்டில் சைக்கிளும் சேருமா, வீட்டுக்கு வெளியே பூட்டி வைத்திருக்கும்போதும் சேருமா, ஒரு பொருளுக்கு உச்சவரம்பு எவ்வளவு என்று முதல் நாளே பாருங்கள். காப்பீட்டு நிறுவனங்கள் 'சோல்டு செக்யூர்' தரச்சான்று பெற்ற பூட்டைக் கேட்பதுண்டு. விலை உயர்ந்த சைக்கிள்களுக்குக் கோல்டு தரம் வேண்டும் என்பார்கள். அந்தப் பூட்டையும் வவுச்சரிலேயே வாங்கிவிடலாம். சட்டகத்தில் பொறித்திருக்கும் எண்ணைப் படமெடுத்துவைத்து, காவல்துறையினர் பயன்படுத்தும் 'பைக் ரெஜிஸ்டர்' தரவுத்தளத்தில் பதிந்துவிடுங்கள்.

வேலையிடத்தில் திட்டமே இல்லை என்றால்

சிறிய கடை, சிறிய அலுவலகம் நடத்தும் முதலாளிகளில் பலருக்கு இதில் தங்களுக்கும் லாபம் இருப்பது தெரியாது. ஊழியரின் சம்பளத்துக்கு முதலாளி கட்டும் நேஷனல் இன்ஷூரன்ஸ் 2025 ஏப்ரல் முதல் 15 சதவீதம். ஊழியர் 1,200 பவுண்டை விட்டுக்கொடுத்தால் முதலாளிக்கு 180 பவுண்டு மிச்சம். சைக்கிளின் விலை மாத வாடகையாகத் திரும்ப வந்துவிடுகிறது. இடைநிறுவனம் ஒன்றில் சேர்ந்தால் ஒப்பந்த வேலைகளை அவர்களே பார்த்துக்கொள்வார்கள். இந்த 180 பவுண்டு கணக்கை ஒரு தாளில் எழுதி எடுத்துக்கொண்டு போய்ப் பேசுங்கள். உடற்பயிற்சியையும் சுற்றுச்சூழலையும் பற்றிப் பேசிப் பயனில்லாத இடத்தில் இந்த ஒரு தாள் வேலை செய்ததை நான் கண்டிருக்கிறேன்.

நீட்டித்த வாடகையைத் தேர்ந்தெடுத்தவர்கள் ஒன்றைச் செய்து வையுங்கள். வைப்புத்தொகை செலுத்திய ரசீது, இரண்டாவது ஒப்பந்தம், நான்காண்டு முடியும் தேதி ஆகிய மூன்றையும் அலுவலக மின்னஞ்சலில் அல்லாமல் சொந்த மின்னஞ்சலில் சேமித்துவையுங்கள். முதலாண்டுக்குப் பின் சைக்கிளின் உரிமை பெரும்பாலும் முதலாளியிடமிருந்து இடைநிறுவனத்துக்கு மாறிவிடும் என்பதால், அதற்குள் நீங்கள் வேலை மாறியிருந்தாலும் ஒப்பந்தம் தொடரும். ஆனால் பழைய அலுவலக முகவரிக்கு வரும் கடிதம் உங்களை வந்து சேராது. முகவரி மாறினால் அந்த நிறுவனத்துக்குத் தெரிவித்துவிடுங்கள். நான்காம் ஆண்டு முடிவில் உரிமை உங்கள் பெயருக்கு மாறியதற்கான கடிதத்தைக் கேட்டு வாங்கும்வரை சைக்கிளை விற்கவோ வேறொருவருக்குக் கொடுத்துவிடவோ கூடாது.